தலைக்கு ஊற்றாத நாட்கள்

கார்த்திகை 8

வெள்ளம் வந்து உப்பளம் எல்லாம் கரைந்து, ஸ்ரீவைகுண்டத்தில் ரயில் வண்டி ஜனத்தோடு நின்றுபோன மார்கழி இருக்கிறதே, அதற்கு அடுத்து வந்த கார்த்திகை இது. அந்த வெள்ளத்துக்குப் பிறகு எங்கள் தெருக் குழாயில் தை முடியும் வரை உப்புத் தண்ணீர்தான் வந்தது. லாரித் தண்ணீருக்கு அடிபிடி நடந்து மேலத்தெரு பொம்பளை ஒருத்திக்குப் பல் போனது. வருஷத்துக்கு நம்பர் வேண்டுமென்றால் கனி போட்டுக்கொள்ளட்டும். எனக்கு நம்பர் தெரியாது. நடந்தது தெரியும்.

எழுதுவது என் மகள் சண்முகக்கனி. நான் பள்ளிக்கூடத்து வாசலை உப்பு வண்டியில் உட்கார்ந்து பார்த்ததோடு சரி. தூத்துக்குடி கண்ணாஸ்பத்திரியில் ஒரு பெண், சொட்டு மருந்து விட்ட நேரத்தையும் கண்ணில் தண்ணீர் பட்டதா இல்லையா என்பதையும் தினம் எழுதி வைக்கச் சொன்னாள். அதோடு நான் சொல்வதையும் எழுது என்று கனியிடம் சொன்னேன்.

"எதுக்குப்பா?"

"இந்தக் கண்ணும் போச்சுன்னா, யாரால போச்சுன்னு நாளைக்குத் தெரியணும்லா."

நான் பேசுவதை அவள் புத்தகத் தமிழில் எழுதுகிறாள். எழுதட்டும். ஆனால் மறுநாள் காலையில் வாசித்துக் காட்ட வேண்டும். ஒரு சொல் குறைந்தாலும் எனக்குத் தெரிந்துவிடும்.

இன்று இடது கண்ணுக்கு லேசர் வைத்துப் புரையை எடுத்தார்கள். வலது கண் செத்து வெகுகாலம் ஆகிறது. அதைப் பற்றிப் பிறகு சொல்வேன். ஆகவே இருப்பது இந்த ஒன்றுதான்.

அந்தப் பெண் சொன்ன சட்டம்: தலைக்கு ஊற்றக் கூடாது. முகம் கழுவக் கூடாது, ஈரத் துண்டால் கன்னத்தை மட்டும் ஒற்றலாம். கழுத்துக்குக் கீழே குளிக்கலாம். மழையில் போகக் கூடாது. குனியக் கூடாது. அடுப்புப் புகை ஆகாது. படுக்கும்போது பிளாஸ்டிக் மூடியைக் கண் மேல் ஒட்டிக்கொள்ள வேண்டும். மார்கழி பாதி தாண்டின பிறகுதான் தலைக்குத் தண்ணீர்.

"தாத்தா, ஒரு சொட்டு பச்சைத் தண்ணி போதும். அதுல இருக்க கிருமி புண்ணுக்குள்ள போச்சுன்னா பார்வையே போயிரும்" என்றாள்.

எனக்குத் தெரியாதா? எனக்குத் தெரிந்த அளவுக்கு அவளுக்கே தெரியாது.

கார்த்திகை 9

சொட்டு மருந்து நாலு வேளை. தண்ணீர் படவில்லை.

ஆயுசெல்லாம் பாத்தியில் தண்ணீரைக் கட்டி, வெயிலில் வற்ற வைத்து, உப்பு வாரினவன் நான். இன்றைக்கு வாய் கொப்பளிக்கக்கூட மகளைக் கூப்பிட வேண்டியிருக்கிறது. கன்னத்தைத் துடைக்கிறேன் என்று காதைத் துடைத்துவிட்டாள். ஏசினேன். பதில் பேசவில்லை. இவள் பேசாமல் இருந்தால் அவள் அம்மா மாதிரியே இருக்கிறது. அதற்கும் ஏசினேன்.

கார்த்திகை 11

தலை அரிக்கிறது. நடுச்சுவருக்கு அந்தப் பக்கம் ராவும் பகலும் இருமல். வேண்டுமென்றுதான் இருமுகிறான்.

கார்த்திகை 13

மழை. கூரையில் இரண்டு இடம் ஒழுகுகிறது. கனி கட்டிலை இழுத்து மூலையில் போட்டுவிட்டாள். குடை பிடித்துக்கொண்டுதான் கக்கூசுக்குப் போகிறேன். வீட்டுக்குள் கறுப்புக் கண்ணாடி, வெளியில் குடை. தெருப் பிள்ளைகளுக்கு நல்ல வேடிக்கை.

வலது கண் கதையை இன்று சொல்கிறேன். மழை பெய்தால் அது ஞாபகம் வரும்.

சுவருக்கு அந்தப் பக்கம் இருமுகிறவன் என் கூடப்பிறந்த அண்ணன் சிவனணைந்தான். அப்பா கட்டின வீடு. நடுவில் சுவர் வைத்து இரண்டாக்கியிருக்கிறோம். அவனுக்கும் எனக்கும் இருபது வருஷமாகப் பேச்சு இல்லை.

கடல் பொங்கி ஜனத்தை வாரிக்கொண்டு போன வருஷம் இருக்கிறதே, அந்த வருஷத்து ஐப்பசி. வலது கண்ணுக்குப் பள்ளிக்கூடத்தில் முகாம் போட்டு ஆபரேஷன் செய்தார்கள். கட்டு அவிழ்த்து நாலாம் நாள் எங்கள் அம்மை செத்துப்போனாள்.

எங்களில் பிணத்தைக் குளிப்பாட்டுகிற தண்ணீரைச் சும்மா மொண்டு வந்துவிட முடியாது. பங்காளிகள் போய்த் தலை முழுகி, ஈரம் சொட்டச் சொட்டக் குடம் சுமந்து, மேலே வேட்டியைப் பந்தல் மாதிரி பிடித்துக்கொண்டு ஊர்வலமாக வரவேண்டும். அதற்குத்தான் நீர்மாலை என்று பெயர். மகன்தான் முதல் குடம்.

அப்போது சண்முகவேல் தோட்டத்துப் பம்புசெட்டுக்குப் போனோம். நான் தலைக்கு ஊற்ற மாட்டேன், மேலுக்கு மட்டும் ஊற்றிக்கொள்கிறேன், டாக்டர் சொல்லியிருக்கிறார் என்றேன். எல்லோரும் அண்ணனைப் பார்த்தார்கள். அவன்தானே மூத்தவன்.

"பெத்தவளுக்குத் தலை நனைக்காதவன் என்னலே மகன்?" என்றான். தொட்டியிலிருந்து ஒரு குடம் மொண்டு என் உச்சியில் கவிழ்த்தான். நான் கண்ணைப் பொத்துவதற்குள் இரண்டாவது குடம்.

ஏழாம் நாள் கண் சீழ் வைத்தது. பதினாறாம் நாள் காரியத்தில் அந்தக் கண்ணால் பார்த்தால் எள்ளுக்கும் அரிசிக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

பம்புசெட்டில் அன்று நின்றவர்கள் பேரைக் கனி எழுத வேண்டும். பெரியப்பா மகன் பிரமநாயகம்: சிரித்தான். லாரியில் அடிபட்டுச் செத்தான். அவன் தம்பி சுப்பையா: "மூத்தவன் சொன்னாக் கேக்கணும்வே" என்றான். கொரோனாவில் போனான், முகத்தைக்கூட யாரும் பார்க்கவில்லை. மோட்டார் போட்ட சின்னக்கண்ணு: வாயைத் திறக்கவில்லை. அவனைப் பாம்பு கொத்தியது. மிச்சம் இருப்பது ஒருத்தன். சுவருக்கு அந்தப் பக்கம் இருமுகிறவன்.

கனி பேனாவைக் கீழே வைத்துவிட்டாள்.

"செத்தவியளைப் போய் இப்படியா பேசுவாவ?"

"உசுரோட இருக்கையிலே பேசினேன். அப்ப நீ எழுதலை. எழுதுட்டி."

கார்த்திகை 14

சொட்டு மருந்து மூன்று வேளை. ஒரு வேளை கனி மறந்துவிட்டாள், அதையும் எழுதச் சொன்னேன். எழுதினாளா என்று நாளைக்குத் தெரியும்.

கார்த்திகை 16

சாயங்காலம் அவன் மகள் ஆவுடை வந்தாள். அவனுக்கு ஒரே மகள். அவள் புருஷன் துறைமுகத்தில் வேலை. இரண்டு வீட்டுக்கும் ஒட்டு உறவு இல்லை என்றாலும் கனியும் அவளும் பேசிக்கொள்வார்கள். பொம்பளைகளை நான் தடுப்பதில்லை.

அப்பனுக்குக் கிட்னி போய்விட்டதாம். காலெல்லாம் நீர் கோத்து வீங்கிக் கிடக்கிறானாம். ஒரு நாளைக்கு இத்தனை தம்ளர்தான் தண்ணீர் என்று ஆஸ்பத்திரியில் அளந்து கொடுத்துவிட்டார்களாம். என்னைத் தண்ணீரில் முக்கினவனுக்குத் தொண்டை நனைக்க அளவு. கேட்கச் சுகமாக இருந்தது.

போகும்போது ஒரு பையைக் கட்டிலில் வைத்தாள்.

"சித்தப்பா, அப்பா குடுத்துவிட்டாவ."

தடவிப் பார்த்தேன். ரப்பர், முன்னால் கண்ணாடி, பின்னால் வார். சங்கு குளிக்கிறவர்கள் கடலுக்குள் முங்கும்போது கண்ணையும் மூக்கையும் சேர்த்து மூடி மாட்டுகிற சாமான்.

"இது என்னத்துக்குட்டி?"

"தண்ணி போகாதாம். அப்பா கேட்டாவன்னு எங்க வீட்டுக்காரவுக திரேஸ்புரத்துல போயி வாங்கிட்டு வந்தாவ."

எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. ஒரு கண்ணைப் பிடுங்கிக்கொண்டு, மற்ற கண்ணுக்கு மூடி கொடுத்துவிடுகிறான். என்ன நக்கல் பாருங்கள். சாகப்போகிற வயசிலும் அந்தப் பம்புசெட்டை எனக்கு ஞாபகப்படுத்த ஆள் அனுப்பி வாங்குகிறான்.

கார்த்திகை 17

அந்தச் சாமானைச் சுவருக்கு மேலே விட்டெறிந்தேன். அந்தப் பக்கம் தகரத்தில் விழுந்த சத்தம் கேட்டது. இருமல் கொஞ்ச நேரம் நின்றது.

கை ஓங்கினதில் கண் வலி. குனிவதுதான் ஆகாது என்றாள் அந்தப் பெண். எறிவதைப் பற்றிச் சொல்லவில்லை.

கார்த்திகை 18

காலையில் அது எங்கள் கொல்லைச் சுவர் ஆணியில் தொங்குகிறது. இந்தப் பக்கத்து ஆணியில். நான் தொடவில்லை. மழையில் கிடந்து நனையட்டும்.

கார்த்திகை 21

ஆஸ்பத்திரிக்குப் போனோம். பஸ்ஸில் ஜன்னல் ஓரம் உட்கார வேண்டாம், சாரல் அடிக்கும் என்று கனி என்னை நடுவில் திணித்துவிட்டாள். ஒரு பக்கம் மீன் கூடைக்காரி, ஒரு பக்கம் கல்லூரிப் பையன் ஈரச் சட்டையோடு. அவனிடம், எட்டி நில்லுலே, என் மேலே தெளிக்காதே என்றேன். பைத்தியம் என்று நினைத்திருப்பான்.

புண் நன்றாக ஆறுகிறதாம். விளக்கடித்துப் பார்த்துவிட்டு அந்தப் பெண் கேட்டாள்: "பார்வை எப்பிடித் தாத்தா?"

எப்படி என்று சொல்வது? வீட்டுக்கு வந்து பார்த்தால் கனிக்குத் தலையில் பாதி நரை. எனக்கு யாரும் சொல்லவில்லை. சுவரில் என் பெண்டாட்டி படத்தில் மூக்குத்தி தெரிகிறது. பத்து வருஷமாக அங்கே வெள்ளையாக ஒரு படம் இருக்கிறது என்றுதான் தெரியும்.

கொல்லைப் பக்கம் சுவர் இடுப்பளவுதான். அந்தப் பக்கம் கட்டிலைப் போட்டு வெயிலில் கிடந்தான். பார்க்க வேண்டும் என்று பார்க்கவில்லை. கண் தெரிந்தால் எல்லாம்தான் தெரியும். கால் இரண்டும் உப்பு மூட்டை மாதிரி. முகம் மஞ்சள். வாயில் முன்பல் இல்லை. எங்கள் அப்பா சாகும்போது எப்படி இருந்தாரோ அப்படியே இருக்கிறான். அந்த மூக்கு, அந்த நெற்றி. என்னைப் பார்த்தான். கறுப்புக் கண்ணாடி போட்டிருந்ததால் நான் எங்கே பார்க்கிறேன் என்று அவனுக்குத் தெரிந்திருக்காது. கொஞ்ச நேரம் நின்றுவிட்டு வந்தேன். கால் வலித்தது, அதனால்தான் நின்றேன்.

ஆணியில் அந்தச் சாமான் இன்னும் தொங்குகிறது. யாரோ அதன் மேல் பாலித்தீன் பையைச் சுற்றி வைத்திருக்கிறார்கள்.

கார்த்திகை 25

ஆவுடை வந்து, "சித்தப்பா, எப்போ தலைக்கு ஊத்தலாம்னு சொல்லியிருக்காவ?" என்று கேட்டாள்.

"உனக்கென்னட்டி அதைப் பத்தி?"

"எனக்கில்ல. அப்பா கேக்காவ. நாலு நாளா ஒரு தொல்லை. போய்க் கேட்டுட்டு வா, போய்க் கேட்டுட்டு வான்னு."

எனக்குப் புரிந்துவிட்டது. நான் தலைக்கு ஊற்ற முடியாமல் இருக்கிற நாளாகப் பார்த்துச் சாகத் திட்டம் போடுகிறான். ஆண் வாரிசு இல்லை அவனுக்கு, கூடப்பிறந்தவன் நான்தான். நீர்மாலைக்கு என்னைத்தான் கூப்பிடுவார்கள். போனால் கண் போகும். போகாவிட்டால் ஊர் காறித் துப்பும். எப்படி முடிச்சுப் போடுகிறான் பாருங்கள்.

"தைப்பொங்கல் கழிஞ்சுதான்னு சொல்லு" என்றேன்.

மார்கழி பாதி என்பது கனிக்குத் தெரியும். என் முகத்தைப் பார்த்தாள். பேசாதே என்று கையைக் காட்டினேன்.

சுவர் வழியாக ஆவுடை அவனிடம் சொல்வது கேட்டது. அவன் குரல் கேட்டு எவ்வளவு நாள் ஆயிற்று. கிணற்றுக்குள் இருந்து பேசுகிற மாதிரி இருந்தது.

"பொங்கல் வரைக்குமா? அம்புட்டு நாளா?" என்றான். கட்டில் கிறீச்சிட்டது, எழுந்து உட்கார்ந்திருப்பான்.

"சரி, அந்தக் கஞ்சியை எடு" என்றான்.

கார்த்திகை 26

தண்ணீர் படவில்லை.

அவன் கஞ்சி குடிக்கிறான். நாலு நாளாக வாயைத் திறக்க மாட்டேன் என்று கிடந்தவன் இப்போது கேட்டு வாங்கிக் குடிக்கிறானாம், கனி சொன்னாள். டயாலிசிசுக்கும் வருகிறேன் என்று சொல்லிவிட்டானாம். முதலில் மாட்டேன் என்று சண்டை போட்டவன்.

"பெரியப்பா பொங்கல் வரைக்கும் இருக்கணும்னு சொல்லுதாவளாம்" என்றாள் கனி. "நீங்க என்னத்துக்குப் பொய் சொன்னிய?"

பொங்கல் தின்ன ஆசை அவனுக்கு, வேறென்ன.

கார்த்திகை 28

தும்மல் வந்தது. மூக்கைப் பிடித்தேன். கண்ணுக்குள் ஊசி குத்தின மாதிரி. மருந்து விட்டதும் சரியானது.

மார்கழி 1

இன்றோடு வெள்ளம் வந்து ஒரு வருஷம். போன வருஷம் இதே நாள் ராத்திரி எங்கள் வீட்டில் இடுப்பளவு தண்ணீர். நான் கட்டிலின் மேல் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்திருந்தேன். கனி அப்போது சாத்தூரில் அவள் வீட்டில். யாரோ சுவருக்கு அந்தப் பக்கமிருந்து ராத்திரி பூராவும் சுவரைத் தட்டிக்கொண்டே இருந்தார்கள். கொஞ்ச நேரத்துக்கு ஒரு தட்டு. தூங்கவிடவில்லை. விடியற்காலம் எரிச்சல் தாங்காமல் நானும் திருப்பித் தட்டினேன். அதோடு நின்றது.

இதை எழுதும்போது கனி என்னைப் பார்த்துக்கொண்டிருந்தாள். என்னட்டி என்றேன். ஒன்றுமில்லையாம்.

மார்கழி 2

அவனை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோய்த் திருப்பிக் கொண்டு வந்துவிட்டார்கள். ஊசிக்கு ரத்தக் குழாய் கிடைக்கவில்லையாம். இருமல் இல்லை. காது கொடுத்துக் கேட்டேன். இல்லை.

மார்கழி 3

மத்தியானம், சொட்டு மருந்து விடுகிற நேரம், ஆவுடை அலறினாள்.

கனி மருந்துக் குப்பியைக் கட்டிலில் போட்டுவிட்டு ஓடினாள். நானே எடுத்து விட்டுக்கொண்டேன். இரண்டு சொட்டு கன்னத்தில் போனது. மூன்றாவது சரியாக விழுந்தது. ஐந்து நிமிஷம் கண்ணை மூடியிருக்க வேண்டும் என்பது சட்டம். மூடியிருந்தேன்.

பிறகு ஆள் வந்தது. சங்கு ஊதியது. மழை வேறு தூறிக்கொண்டிருந்தது. சொக்கலிங்கம் பெரியவர் ஐந்தாறு பேரோடு என் வாசலுக்கு வந்தார். எங்கள் வகையறாவில் நல்லது கெட்டதுக்கு முன்னால் நிற்பவர் அவர்தான்.

"தவசிமுத்து, நீர்மாலைக்கு நேரமாச்சு."

கனி குறுக்கே வந்து நின்றாள். "தாத்தா, எங்கப்பாவுக்கு இருக்கது ஒத்தக் கண்ணு. தலைக்கு ஊத்தக் கூடாது. உங்களுக்குத் தெரியாததா?"

"மேலுக்கு ஊத்திக்கிடட்டுமே" என்றது ஒரு சின்ன வயசுக் குரல்.

"ஈரத்தலை இல்லாம என்னய்யா நீர்மாலை" என்றார் பெரியவர். "கூடப்பிறந்தவன் இருக்கையிலே வேற ஆளு எடுத்தா நல்லாவா இருக்கும்? நான் ஒண்ணும் சொல்லலை. அவன் வாயாலே சொல்லட்டும்."

இருபது வருஷமாக இந்த நாளுக்குத்தான் இருந்தேன். அவன் பிணம் குளிக்கத் தண்ணீர் இல்லாமல் நடுவீட்டில் கிடக்க வேண்டும். எல்லோரும் என் வாயைப் பார்க்க வேண்டும். நான் சொல்ல வேண்டும். எத்தனை விதமாக அதை மனதுக்குள் சொல்லிப் பார்த்திருக்கிறேன்.

"முடியாது" என்றேன்.

நான் நினைத்த மாதிரி யாரும் சத்தம் போடவில்லை. பெரியவர் துண்டை உதறித் தோளில் போட்டார். ஒருத்தன் பீடியை அணைத்தான். அவ்வளவுதான்.

ஆவுடை தலைவிரி கோலமாக வாசல்படியில் வந்து நின்றாள். அழுது கெஞ்சுவாள் என்று பார்த்தேன். கெஞ்சவில்லை.

"சித்தப்பாவை யாரும் ஒண்ணும் சொல்லாதிய. அப்பாவே சொல்லிட்டுத்தான் போயிருக்காவ. தவசியைக் கூப்பிடக் கூடாது, அவன் வந்தாலும் விடக் கூடாதுன்னு. குடத்தைக் குடுங்க, நான் எடுக்கேன்."

"பொம்பளைப் பிள்ளை எப்படிட்டி…" என்று பெரியவர் ஆரம்பித்தார்.

"ஆச்சிக்கு எடுத்தது போதும்னு அதுக்குப் பெறகு அவிய ஒரு நீர்மாலைக்கும் போனதில்ல தாத்தா. பிரமநாயகம் பெரியப்பாவுக்குப் போகலை. திமிருன்னு ஊரே ஏசினியளே. ஏன் போகலைன்னு ஒருத்தராவது கேட்டியளா? குடத்தைத் தொட்டாலே கை நடுங்கும் அவியளுக்கு. இப்ப நான் எடுத்தா என்ன கொறஞ்சு போச்சு?"

எனக்குக் காதில் ஒரே ஒரு வார்த்தைதான் நின்றது. விடக் கூடாது. என்னை வரவிடக் கூடாது என்று இவன் சொல்லிவிட்டுப் போயிருக்கிறான். செத்த பிறகும் மூத்தவன் அதிகாரம். என் அம்மை வயிற்றில் பிறந்தவனுக்கு நான் தண்ணீர் எடுக்கலாமா வேண்டாமா என்று இவன் யார் சொல்வதற்கு? இவன் சொல்லி நான் எப்போது கேட்டிருக்கிறேன்?

கொல்லைக்குப் போனேன். ஆணியிலிருந்து அந்தச் சாமானை எடுத்தேன். பாலித்தீன் பைக்குள் ஒரு பொட்டு ஈரம் இல்லை. கறுப்புக் கண்ணாடியைக் கழற்றிக் கனி கையில் கொடுத்துவிட்டு அதை மாட்டச் சொன்னேன்.

"எப்பா, வேண்டாம்ப்பா."

"வாரை இறுக்குட்டி."

இறுக்கினாள். வாசலில் வந்து நின்றேன். ஒரு பிள்ளை சிரித்தது. அதன் அம்மா அதன் வாயைப் பொத்தினாள்.

"என்னவே தவசி, சங்கு குளிக்கவா போறே?" என்றார் பெரியவர். சிரிக்காமல்தான் கேட்டார்.

"தலை நனையணும்னுதானே கேட்டிய? மூஞ்சி நனையணும்னு எவனும் சொல்லலையே."

அவர் கொட்டுக்காரனுக்குக் கையைக் காட்டினார்.

தெருமுனைக் குழாய்க்குப் போனோம். சண்முகவேல் தோட்டமும் இல்லை, பம்புசெட்டும் இல்லை, எல்லாம் பிளாட் ஆகிவிட்டது. குழாயடியில் குடம் நிரம்பியது. சின்ன வயசுக்காரன் ஒருத்தன் எடுத்து ஊற்ற வந்தான். தள்ளு என்றேன்.

"ஆவுடை, நீ வா. நீ ஊத்து. உங்க குடும்பத்துக்குப் பழக்கம்தானே."

சொன்ன பிறகு அவள் முகத்தைப் பார்த்தேன். கண்ணாடி வழியாக எல்லாம் பளிச்சென்று தெரிந்தது. அவள் கோபப்படவில்லை. குடத்தைத் தூக்கிக்கொண்டு எனக்குப் பின்னால் வந்தாள். கனி முன்னால் நின்று இரண்டு கையாலும் ரப்பரை என் முகத்தோடு அழுத்திப் பிடித்தாள். என் தலையைப் பின்னால் சாய்த்தார்கள். ஆவுடை பின் தலையில், பிடரிப் பக்கம், பிள்ளைக்கு ஊற்றுகிற மாதிரி கொஞ்சம் கொஞ்சமாக விட்டாள்.

"போதுமா சித்தப்பா?"

"ஊத்து."

மார்கழித் தண்ணீர். ஐஸ் மாதிரி இறங்கியது.

குடத்தைத் தோளில் வைத்தார்கள். மேலே நாலு பேர் வேட்டியைப் பிடித்தார்கள். கொட்டு முன்னால் போனது. நான் முதல் குடம். அந்தச் சாமானைக் கழற்றவில்லை, தலையிலிருந்து வழிகிறதே. வழியில் எனக்குத் தெரியாதது ஒன்றும் இல்லை. வேட்டியில் கரை இழை தெரிந்தது. கொட்டுக்காரன் விரலில் மோதிரம் தெரிந்தது. அவன் வாசலில் போன வெள்ளம் ஏறின கோடு தெரிந்தது, என் வாசலில் இருக்கிற அதே உயரத்தில். இதெல்லாம் முன்பே அங்கே இருந்ததுதான்.

உள்ளே அவனைப் பெஞ்சியில் வைத்திருந்தார்கள். குடத்தைச் சரித்தேன். அவன் நெற்றியில் பட்டு, மூடின கண் மேல் ஓடியது. அவன் பொத்திக்கொள்ளவில்லை.

அதற்கு மேல் எனக்கு ஒன்றும் தெரியவில்லை. கண்ணாடி முழுக்கப் பனி படர்ந்துவிட்டது. மூக்குக்குக் கீழே ரப்பருக்குள் தண்ணீர் தேங்கி ஆடியது. கனி என்னைக் கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு வந்தாள். சுடுகாட்டிலும் அப்படித்தான் கொள்ளி வைத்தேன்.

சொட்டு மருந்து, கேட்காதே, இரண்டு வேளை தவறிவிட்டது.

மார்கழி 4

தண்ணீர் பட்டது என்று எழுது.

மார்கழி 5

கண்ணில் உறுத்தல் இல்லை. சீழ் இல்லை. கனி டார்ச் அடித்துப் பார்த்துக்கொண்டே இருக்கிறாள். ஆவுடை இரண்டு தடவை வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனாள். யாருக்கும் தூக்கம் இல்லை.

சுவருக்கு அந்தப் பக்கம் சத்தமே இல்லை. விடியற்காலம் ஒரு தட்டு தட்டிப் பார்த்தேன். சுவர் உறுதியாக இருக்கிறதா என்று. மழைக்காலம் அல்லவா.

மார்கழி 7

ஆஸ்பத்திரி. கனி நடந்ததைச் சொன்னதும் அந்தப் பெண் ஏச ஆரம்பித்தாள். "நீச்சல் கண்ணாடி, மாஸ்க் எதையும் நம்பக் கூடாது. தலைக்கு ஊத்தாதீங்கன்னுதானே சொன்னோம். அழுத்தினாலும் ஆபத்து, தண்ணி போனாலும் ஆபத்து. படிச்சுப் படிச்சுச் சொல்லியும் இப்பிடியா தாத்தா?" என்று என் தாடையைப் பிடித்து மிஷினில் வைத்தாள். வெகுநேரம் பார்த்தாள். டாக்டரும் வந்து பார்த்தார்.

"புண்ணு நல்லா மூடிருச்சு. கிருமி இல்ல. நல்ல நேரம் உங்களுக்கு" என்றாள். "உள்ள தண்ணி போன மாதிரியே தெரியலையே."

"போச்சு" என்றேன். "மாஸ்க் ஒழுகுச்சு. மூக்கு வரைக்கும் நின்னுது. இவ பாத்தா."

"குழாய்த் தண்ணியா?"

"பெறகு? ஐஸ் மாதிரித் தலையிலே ஊத்தினாவ."

"உள்ள நின்ன தண்ணியும் ஐஸ் மாதிரி இருந்துச்சா?"

யோசித்துப் பார்த்தேன். எனக்கு ஞாபகம் தப்பாது. உள்ளே இருந்தது வெதுவெதுப்பாக இருந்தது. அதைச் சொன்னேன். அந்தப் பெண் கனியைப் பார்த்தாள். கனி தரையைப் பார்த்தாள்.

"சரி தாத்தா. அது பட்டா ஒண்ணும் செய்யாது" என்றாள்.

அதெப்படி ஒரு தண்ணீர் செய்யும், ஒரு தண்ணீர் செய்யாது? இவர்கள் ஆளுக்கொரு சட்டம் பேசுகிறார்கள். மாஸ்க் ஒழுகியது, அவ்வளவுதான். அவன் வாங்கிக் கொடுத்த சாமான், ஒழுகத்தான் செய்யும். அதைக் கழுவித் துடைத்து அதே ஆணியில் மாட்டச் சொல்லியிருக்கிறேன். பாலித்தீன் பையைச் சுற்றி.

வீட்டுக்கு வந்ததும் கனி முந்தின ஏடுகளை எல்லாம் வாசித்தாள். பம்புசெட்டில் நின்றவர்கள் பேர் வந்த இடத்தில் நிறுத்தினாள்.

"இதுல பெரியப்பா பேரை அடிச்சிரட்டுமா?"

"அடிக்காதே. செத்தான்னு எழுது. மார்கழி மூணு, மத்தியானம்."

"அப்போ அன்னைக்கு அங்க நின்னவியள்ல இனி யாரும் இல்லையாப்பா?"

பிரமநாயகம் இல்லை. சுப்பையா இல்லை. சின்னக்கண்ணு இல்லை. சிவனணைந்தான் இல்லை. தொட்டிக்குப் பக்கத்தில் ஈர வேட்டியோடு இன்னொருத்தன் நின்றான். இத்தனை வருஷமும் அவனை நான் சேர்த்து எண்ணியதே இல்லை. எழுது, கனி. அவன் இருக்கிறான். தவசிமுத்து.